‘சான்று மறுக்கப்படுகிறது’: வாசகர் கேள்விகளும் ஒரு வழக்கறிஞரின் பதில்களும்

கல்லூரிச் சேர்க்கை நெருங்கினால் எனக்கு வரும் கடிதங்கள் மாறிவிடும். சொத்துப் பாகமும் ஜீவனாம்சமும் பின்னுக்குப் போய், சாதிச் சான்று முன்னால் வந்து நிற்கும். இந்த முறை பழங்குடியினர் சான்று மறுக்கப்பட்டவர்களின் கடிதங்களே அதிகம் என்பதால் பகுதி முழுவதையும் அவர்களுக்கே ஒதுக்கிவிட்டேன். பெயர்களைப் போடவில்லை. ஊர்களையும் தோராயமாகத்தான் சொல்லியிருக்கிறேன்.

பதில்களுக்கு முன் ஒரு விஷயம். எல்லா மறுப்பும் ஒரே வகை இல்லை. ‘நீங்கள் அந்த இனத்தைச் சேர்ந்தவர் என்பதற்கு அத்தாட்சி போதவில்லை’ என்று மறுப்பது ஒரு வகை. ‘நீங்கள் சொல்லும் இனம், உங்கள் மாவட்டத்தில், பழங்குடியினர் பட்டியலிலேயே இல்லை’ என்று மறுப்பது இன்னொரு வகை. முதல் வகையை நீதிமன்றத்தில் ஜெயிக்கலாம். இரண்டாவதை எந்த நீதிமன்றத்திலும் ஜெயிக்க முடியாது, அது நாடாளுமன்றத்து வேலை. உங்கள் கையில் இருப்பது எது என்று தெரியாமல் வக்கீலுக்கு ஃபீஸ் கட்டாதீர்கள். எனக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

நாங்கள் இருளர். நானும் என் வீட்டுக்காரரும் பள்ளிக்கூடம் போனதில்லை, எங்களுக்குச் சாதிச் சான்றும் இல்லை. பெண் பிளஸ் டூ முடித்திருக்கிறாள். இ-சேவையில் விண்ணப்பித்தோம். விசாரணைக்குக் கூப்பிட்டு, ‘பாம்பு பிடிக்கத் தெரியுமா, எலி பிடிப்பீர்களா’ என்று கேட்டார்கள். என் பெண் தெரியாது என்றாள். ‘பெற்றோர் சான்று இல்லை, போதிய ஆதாரம் இல்லை, மறுக்கப்படுகிறது’ என்று வந்துவிட்டது. அடுத்து என்ன செய்வது அம்மா?
— ஒரு தாய், விழுப்புரம் மாவட்டம் (மகள் எழுதிக் கொடுத்த கடிதம்)

உங்கள் மகளின் கையெழுத்து அழகாக இருக்கிறது என்று அவளிடம் சொல்லுங்கள்.

முதலில், பாம்பு விஷயம். பதினேழு வயதுப் பெண்ணுக்குப் பாம்பு பிடிக்கத் தெரியவில்லை என்பதால் அவள் இருளர் இல்லை என்று ஆகிவிடாது. ஒருவருடைய பழக்கவழக்கம், குலதெய்வம், கல்யாணச் சடங்கு, சாவுச் சடங்கு எல்லாம் அந்த இனத்தோடு ஒத்துப்போகிறதா என்று பார்ப்பதை ‘அஃபினிட்டி டெஸ்ட்’ என்பார்கள். உச்ச நீதிமன்றம் 1994-இல் மாதுரி பாட்டீல் வழக்கில் இதை விசாரணையின் ஒரு பகுதியாக வைத்தது. மகாராஷ்டிரத்தில் இரண்டு சகோதரிகள் தங்களை மகாதேவ் கோலி பழங்குடி என்று சொல்லி வந்த வழக்கு அது. போலிச் சான்றைத் தடுக்கத்தான் அந்த விதிகளைப் போட்டார்கள். கீழே வர வர, அதுவே ஏழைகளுக்கு வைக்கிற வாய்மொழித் தேர்வாக மாறிவிட்டது.

அதன் பிறகு உச்ச நீதிமன்றமே இதைத் திருத்திச் சொல்லியிருக்கிறது. இடம்பெயர்வும் படிப்பும் பிற சமூகத்தாரோடு பழக்கமும் வந்த பிறகு பழைய அடையாளங்கள் அப்படியே இருக்கும் என்று எதிர்பார்க்கக் கூடாது, பழைய ஆவணங்களுக்கே எடை அதிகம் என்று 2011 நவம்பரில் ஒரு தீர்ப்பு வந்தது. 2023 மார்ச்சில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு, இந்தச் சோதனை எல்லா வழக்கிலும் கட்டாயமும் இல்லை, அதை மட்டும் வைத்து முடிவு செய்யவும் முடியாது என்று தெளிவாகவே சொல்லிவிட்டது. இரண்டுமே மகாராஷ்டிர வழக்குகள். ஆனால் உச்ச நீதிமன்றம் சொன்ன சட்டம் விழுப்புரத்துக்கும் சட்டம்தான். மேல்முறையீட்டு மனுவில் இதை ஒரு பத்தியாக எழுதச் சொல்லுங்கள்.

இப்போது ஆவணம். ‘எங்களிடம் எதுவுமே இல்லை’ என்று இருளர் குடும்பங்கள் சொல்லாத நாளில்லை. உட்கார்ந்து கிளறினால் ஏதாவது இருக்கும். உங்கள் கணவரின் அண்ணன், தம்பி, அத்தை, பெரியப்பா பிள்ளைகள் யாருக்காவது சான்று இருக்கிறதா? அரசு கட்டிக்கொடுத்த தொகுப்பு வீட்டுக்கான உத்தரவு உண்டா? வீட்டுமனைப் பட்டா வழங்கிய பட்டியலில் இனம் எழுதியிருக்கும். அரிசி ஆலையிலோ செங்கல் சூளையிலோ கொத்தடிமையாக இருந்து மீட்கப்பட்டவர்கள் குடும்பத்தில் யாராவது உண்டா? அந்த விடுவிப்புச் சான்றில் கையெழுத்துப் போடுவது பெரும்பாலும் கோட்டாட்சியரோ சார் ஆட்சியரோதான். அதில் ‘இருளர்’ என்று இருந்தால், அதே பதவியில் இருப்பவர் இன்று ‘நீங்கள் இருளர் இல்லை’ என்று சொல்வது அவ்வளவு சுலபமில்லை. செங்கல்பட்டுப் பக்கம் உறவு இருந்தால், வடநெம்மேலியில் 1978-லிருந்து இயங்கும் இருளர் பாம்புப் பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தில் யாராவது உறுப்பினரா என்று கேளுங்கள்.

நான் நடத்திய ஒரு வழக்கில் அந்தக் குடும்பத்திடம் இருந்த ஒரே பழைய காகிதம், தாத்தாவின் மேல் போட்ட திருட்டு வழக்கின் முதல் தகவல் அறிக்கை. சந்தேகத்தின் பேரில் பிடித்துப் போனவர், பிறகு விடுதலை ஆகிவிட்டார். ஆனால் எஃப்.ஐ.ஆரில் பெயருக்குப் பக்கத்தில் ‘இருளர்’ என்று அழுத்தமாக எழுதியிருந்தது. பிடித்துப்போகும்போது அரசுக்கு இவர்கள் யார் என்று சந்தேகமே வரவில்லை, பேத்தி படிக்கப் போகும்போது மட்டும் சந்தேகம் வந்துவிட்டதா என்று கேட்டேன். எதிர்த்தரப்பில் பதில் இல்லை. மறுப்பு ரத்தாகி, புது விசாரணைக்கு உத்தரவானது. சான்றும் கிடைத்தது. ஆகவே அவமானமான காகிதம் என்று எதையும் கிழித்துப் போடாதீர்கள்.

வழிமுறைக்கு வருவோம். தமிழ்நாட்டில் 11.11.1989 வரை பழங்குடியினர் சான்றை வட்டாட்சியரே கொடுத்துவந்தார். அதன் பிறகு அந்த அதிகாரம் கோட்டாட்சியருக்கு, அதாவது ஆர்.டி.ஓ.வுக்கோ சார் ஆட்சியருக்கோ போய்விட்டது. அவர் மறுத்தால் மாவட்ட ஆட்சியரிடம் மேல்முறையீடு. அங்கேயும் மறுத்தால் சென்னையில் மாநில அளவிலான கூர்நோக்குக் குழு, அதாவது பழங்குடியினர் சான்றுகள் உண்மையா என்று ஆராயும் குழு. அதற்கும் மேலே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. நேராக உயர் நீதிமன்றம் போனால் ‘மேல்முறையீடு செய்தீர்களா?’ என்பதுதான் முதல் கேள்வியாக இருக்கும். உங்களைக் கேட்காமல், அறிக்கையைக் காட்டாமல், காரணமே எழுதாமல் மறுத்திருந்தால் மட்டும் நேராகப் போவதில் அர்த்தம் உண்டு.

மேல்முறையீட்டுக்கு முன்னால் கோப்பை வாங்குங்கள். உங்கள் விண்ணப்பத்தின் மேல் வி.ஏ.ஓ. என்ன எழுதினார், ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்) என்ன எழுதினார், நேரில் வந்து பார்த்தாரா, அக்கம்பக்கத்தில் யாரை விசாரித்தார் என்பதெல்லாம் அதில்தான் இருக்கிறது. தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்பு ஒட்டிக் கேட்டால் 30 நாளுக்குள் தர வேண்டும். ‘தெருவில் விசாரித்ததில்’ என்று தொடங்கும் அறிக்கையில் ஒருவர் பெயர்கூட இல்லை என்றால், அதுவே உங்கள் மேல்முறையீட்டின் முதல் வாதம். ‘பெற்றோரிடம் சான்று இல்லை’ என்பது விசாரணையைத் தொடங்கக் காரணமாகலாம், முடிக்கக் காரணம் ஆகாது. பெற்றோரிடம் இல்லாவிட்டால் பிள்ளைக்கும் கிடையாது என்று வைத்துக்கொண்டால் அந்தக் குடும்பத்தில் யாருக்குமே எந்தக் காலத்திலும் கிடைக்காதே.

வக்கீல் செலவுக்கு மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கும். 1987 சட்டத்தின்படி பழங்குடியினருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. ஆனால் அங்கே போனால் ‘எஸ்.டி. என்பதற்குச் சான்று?’ என்று கேட்டுவிடுவார்கள். சிரிக்காதீர்கள், நடக்கிறது. அதே சட்டத்தில் பெண்களுக்கும் வருமான வரம்பு இல்லை. எனவே மனுவை நீங்களே, தாய் என்ற முறையில், உங்கள் பெயரில் போடுங்கள். கணவர் பெயரில் போட வேண்டாம். திண்டிவனத்தில் பழங்குடி இருளர் பாதுகாப்புச் சங்கம் இருக்கிறது. இந்த வேலையில் பல வருட அனுபவம் உள்ளவர்கள். அவர்களையும் பாருங்கள்.

சேர்க்கைத் தேதி முந்திக்கொண்டால், மேல்முறையீடு நிலுவையில் இருப்பதைக் காட்டி, ஓர் இடத்தை நிறுத்திவைக்கச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் இடைக்கால உத்தரவு கேட்கலாம். கிடைக்கும் என்று உறுதி சொல்ல மாட்டேன். ஆவணம் ஒன்றாவது கையில் இருந்தால் நீதிபதி காது கொடுப்பார்.

நாங்கள் பர்கூர் மலையில் இருக்கும் மலையாளி இனத்தவர். எங்கள் பெண்ணைச் சேலம் மாவட்ட மலைக்குக் கட்டிக்கொடுத்திருக்கிறோம். மருமகனுக்கு எஸ்.டி. சான்று இருக்கிறது. எங்கள் மகனுக்குக் கேட்டால் ஈரோடு மாவட்டத்தில் கிடையாது என்கிறார்கள். ஒரே சாமி, ஒரே பேச்சு, சம்பந்தம் செய்துகொள்கிறோம். வழக்குப் போட்டால் கிடைக்குமா?
— ஒரு விவசாயி, அந்தியூர் வட்டம்

கிடைக்காது ஐயா. உங்கள் வயதுக்கு மரியாதை வைத்து நேராகவே சொல்லிவிடுகிறேன்.

தமிழ்நாட்டுப் பழங்குடிப் பட்டியலில் ‘மலையாளி’ என்ற பெயருக்குப் பக்கத்தில் மாவட்டங்களும் இருக்கின்றன: தருமபுரி, வட ஆற்காடு, புதுக்கோட்டை, சேலம், தென் ஆற்காடு, திருச்சிராப்பள்ளி. 1976-இல் திருத்திய பட்டியல் அது. அப்போது உங்கள் பர்கூர் மலை கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. 1979-இல்தான் ஈரோடு தனி மாவட்டம் ஆனது. கோவை அந்தப் பட்டியலில் இல்லை, ஆகவே ஈரோடும் இல்லை. கொல்லிமலை இன்று நாமக்கல் மாவட்டத்தில் இருக்கிறது, அந்தப் பெயரும் பட்டியலில் இல்லைதான். ஆனால் நாமக்கல் சேலத்திலிருந்து பிரிந்தது, அதனால் அவர்களுக்குக் கிடைக்கிறது. ஜவ்வாது மலைக்காரர்களுக்கும் கல்வராயன் மலைக்காரர்களுக்கும் அப்படியே. கடம்பூர் மலையிலும் பர்கூரிலும் உள்ளவர்கள்தான் வெளியே நிற்கிறீர்கள். மாவட்டக் கோடு போட்டவர் மலையேறிப் பார்த்திருக்க மாட்டார் என்பது என் சொந்த அபிப்பிராயம்.

அநியாயம் கண்ணுக்குத் தெரியும்போது நீதிமன்றம் ஏன் சரிசெய்யக் கூடாது என்று கேட்பீர்கள். அரசியல் சட்டத்தின் 342-ஆவது பிரிவு, பட்டியலில் ஒரு பெயரைச் சேர்க்கவோ நீக்கவோ நாடாளுமன்றத்துக்கு மட்டுமே அதிகாரம் கொடுத்திருக்கிறது. 2000 நவம்பரில் மிலிந்த் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதைப் பூட்டுப் போட்டு வைத்துவிட்டது. பட்டியலில் ‘ஹல்பா’ என்று இருந்தது, ‘ஹல்பா கோஷ்டி’ சமூகத்தார் தாங்களும் அதுதான் என்றார்கள். பட்டியலை உள்ளது உள்ளபடிதான் படிக்க வேண்டும், இதுவும் அதுவும் ஒன்றுதான் என்று காட்ட சாட்சியம் எடுக்கக்கூட நீதிமன்றத்துக்கு வேலையில்லை என்று தீர்ப்பானது. கோட்டாட்சியர் உங்களுக்காக மனம் இளகினாலும் கையெழுத்துப் போட முடியாது. போட்டால், பின்னால் உங்கள் மகனின் வேலை போகும்.

உங்கள் வழி வேறு. மாநில அரசு பரிந்துரைக்க வேண்டும், இந்தியத் தலைமைப் பதிவாளர் ஒப்புக்கொள்ள வேண்டும், தேசியப் பழங்குடியினர் ஆணையம் ஒப்புக்கொள்ள வேண்டும், அப்புறம் அமைச்சரவை, அப்புறம் மசோதா. நரிக்குறவர்களுக்கும் குருவிக்காரர்களுக்கும் அப்படித்தான் நடந்தது. பட்டியல்களைத் திருத்துவதற்காக மத்திய அரசு அமைத்த லோகூர் குழு 1965-இல் பரிந்துரைத்தது, மசோதா இரு அவைகளிலும் நிறைவேறியது 2022 டிசம்பரில். இடையில் இரண்டு தலைமுறை மிகவும் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலிலேயே இருந்து கழிந்தது. எனவே தனி ஆளாக வழக்குக்குச் செலவழிப்பதைவிட, மலைக் கிராமங்கள் சேர்ந்து கிராமசபைத் தீர்மானங்களோடு சட்டமன்ற உறுப்பினரையும் நாடாளுமன்ற உறுப்பினரையும் விடாமல் துரத்துவது மேல். பரிந்துரை எந்த மேசையில் நிற்கிறது என்பதைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். ‘பரிந்துரையைக் குறிப்பிட்ட காலத்துக்குள் பரிசீலியுங்கள்’ என்று ஒரு பேராணை மட்டும் நீதிமன்றத்தில் கேட்க இடமுண்டு. அது கோப்பை நகர்த்தும், அவ்வளவுதான்.

ஒரே ஒரு விதிவிலக்கைப் பாருங்கள். உங்கள் தாத்தாவோ அப்பாவோ சேலம் மாவட்ட மலையிலிருந்து பிழைப்புக்காகப் பர்கூர் வந்தவராக இருந்து, அதற்கு நிலப்பதிவோ பள்ளிப் பதிவோ இருந்தால், உங்கள் கதை வேறு மாதிரி. அந்தக் காகிதத்தோடு மட்டும் ஒரு வக்கீலைப் போய்ப் பாருங்கள்.

1983-இல் வட்டாட்சியர் கொடுத்த காட்டுநாயக்கன் சான்றில் மத்திய அரசு நிறுவனம் ஒன்றில் சேர்ந்தேன். ஓய்வு பெறும் நேரத்தில் ‘மெய்த்தன்மை சரிபார்ப்பு நிலுவை’ என்று சொல்லிப் பணிக்கொடையை நிறுத்திவிட்டார்கள். ‘வட்டாட்சியர் கொடுத்தது செல்லாது, கோட்டாட்சியரிடம் புதிதாக வாங்கி வா’ என்கிறார் ஓர் அதிகாரி.
— ஓய்வு பெற்ற ஊழியர், சென்னை

புதிதாக விண்ணப்பிக்கவே விண்ணப்பிக்காதீர்கள். விண்ணப்பித்து அது மறுக்கப்பட்டால் உங்கள் பழைய சான்றுக்கும் சேர்த்து நீங்களே குழி தோண்டியது போல் ஆகும். 11.11.1989-க்கு முன் வட்டாட்சியர் கொடுத்த பழங்குடியினர் சான்று, முறைப்படி ரத்து செய்யப்படும் வரை செல்லும் என்று சென்னைத் துறைமுகக் கழக ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1997-இலேயே சொல்லிவிட்டது. அந்த அதிகாரிக்கு அது தெரிந்திருக்க நியாயமில்லை, நீங்கள் எழுதித் தெரிவியுங்கள்.

சான்று உண்மையா பொய்யா என்று தீர்மானிக்க உங்கள் நிறுவனத்துக்கு அதிகாரம் இல்லை. சந்தேகம் இருந்தால் கூர்நோக்குக் குழுவுக்கு அனுப்பலாம், அனுப்பிவிட்டுக் காத்திருக்கலாம். ஆனால் பணியில் இருந்த காலமெல்லாம் சும்மா இருந்துவிட்டு, கடைசி மாதத்தில் அனுப்பிவிட்டு, குழுவின் பதில் வரவில்லை என்று பணத்தை வருடக்கணக்கில் பிடித்துவைப்பதைச் சென்னை உயர் நீதிமன்றம் பல வழக்குகளில் கண்டித்திருக்கிறது. குழு இத்தனை வாரத்துக்குள் முடிக்க வேண்டும், அதுவரை தற்காலிக ஓய்வூதியம் தர வேண்டும் என்று கேட்டு ரிட் போடுங்கள். இரண்டையும் ஒரே மனுவில் கேளுங்கள், குழுவையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். அதைச் சேர்க்காமல் போட்டு அலைகிறவர்களை நிறையப் பார்க்கிறேன்.

இன்னொன்றையும் தேடிப் பாருங்கள். பணியில் இருந்தபோது எப்போதாவது மாவட்ட அளவிலான குழு உங்கள் சான்றை விசாரித்து ‘சரி’ என்று எழுதியதா? அப்படி முறையாக விசாரித்து முடித்ததை, மோசடி நடந்ததாகவோ சரியான விசாரணை இல்லாமல் கொடுத்ததாகவோ காட்டாமல் மறுபடி திறக்கக் கூடாது என்று 2021 செப்டம்பரில் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. அது பட்டியல் சாதி வழக்கு, ஆனால் தர்க்கம் உங்களுக்கும் பொருந்தும்.

குழு விசாரணைக்கு அழைத்தால் காட்டுநாயக்கன் வழக்குகளில் வழக்கமாக வரும் கேள்வி ஒன்று இருக்கிறது: ‘நீங்கள் தொட்டிய நாயக்கர்தானே?’ தொட்டிய நாயக்கர் வேறு பட்டியலில் இருப்பவர்கள். உங்கள் தகப்பனார் பள்ளிப் பதிவில் வெறும் ‘நாயக்கன்’ என்று இருந்தால் அதைப் பிடித்துக்கொள்வார்கள். குழுவுக்காக நேரில் விசாரிக்கும் விஜிலென்ஸ் பிரிவின் அறிக்கை நகலை உங்களுக்குக் கொடுத்து, பதில் சொல்ல அவகாசம் தராமல் ரத்து செய்ய முடியாது. இது மாதுரி பாட்டீல் விதிகளிலேயே இருக்கிறது. அந்த நகலை எழுத்தில் கேளுங்கள், வாய் வார்த்தை வேண்டாம்.

எங்கள் குடும்பம் மூன்று தலைமுறையாகக் கிறிஸ்தவர்கள். ‘மதம் மாறினால் எஸ்.டி. போய்விடும்’ என்று மறுத்துவிட்டார்கள். சரியா?
— ஆசிரியை, நீலகிரி

தவறு. மத நிபந்தனை இருப்பது பட்டியல் சாதிகளுக்கான 1950 ஆணையில்தான். இந்து, சீக்கியர், பௌத்தர் அல்லாதவர் பட்டியல் சாதியாகக் கருதப்பட மாட்டார் என்று அதன் மூன்றாவது பத்தி சொல்கிறது. பழங்குடியினருக்கான ஆணையில் அப்படி ஒரு வரியே கிடையாது. இரண்டையும் குழப்பிக்கொள்கிற அதிகாரிகள் இன்னும் இருக்கிறார்கள்.

ஆனால் முழு நிம்மதியும் தர மாட்டேன். மதம் மாறியதால் மட்டும் பழங்குடித் தகுதி போகாது, ஆனால் அந்தச் சமூகத்தோடு தொடர்பு நீடிக்கிறதா என்பது சாட்சியத்தைப் பொறுத்தது என்று கேரள வழக்கு ஒன்றில் 2004-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. கல்யாணம் யாரோடு செய்கிறீர்கள், ஊர்க் கூட்டத்தில் உங்களுக்கு இடம் இருக்கிறதா, சாவுக்கு யார் வருகிறார்கள் என்பதெல்லாம் கேட்பார்கள். ஊர்ப் பெரியவர்கள் இருவரின் பிரமாண வாக்குமூலம் தயாராக இருக்கட்டும்.

என் அம்மா குறுமன், அப்பா பிற்படுத்தப்பட்ட வகுப்பு. அம்மாவின் இனத்தில் சான்று கேட்கலாமா?
— கல்லூரி மாணவர், கிருஷ்ணகிரி

கேட்கலாம். கலப்பு மணத்துப் பிள்ளைகள் தாய், தந்தை இருவரில் ஒருவரின் இனத்தைக் கோரத் தமிழ்நாடு அரசாணை இடம் தருகிறது. ஆனால் மத்திய அரசு வேலைக்குப் போகும்போது உச்ச நீதிமன்றத்தின் 2012 தீர்ப்பைக் கையில் எடுப்பார்கள். பிள்ளைக்குத் தந்தையின் சாதி என்பது முதல் அனுமானம், அதை உடைக்கலாம், உடைக்கும் பொறுப்பு உங்களுடையது. அம்மாவின் ஊரில், அம்மாவின் மக்களோடு, அவர்கள் பட்ட அதே இழிவையும் பட்டு வளர்ந்தீர்களா? அப்படியானால் அந்த ஊர்ப் பள்ளிப் பதிவும் ரேஷன் கார்டும் எடுத்துவையுங்கள். அப்பா வீட்டில் வசதியாக வளர்ந்துவிட்டு விண்ணப்பத்துக்கு மட்டும் அம்மா என்றால், சான்று கையில் வந்தாலும் நிலைக்காது.

பத்து பேர் போலிச் சான்றில் உள்ளே போய்விட்டதால்தான் இவ்வளவு கெடுபிடி. கெடுபிடியைக் குறைக்கச் சொல்லும் உங்களைப் போன்றவர்கள் உண்மையான பழங்குடிகளுக்குத் துரோகம் செய்யவில்லையா?
— வாசகர், கோயம்புத்தூர்

காரமான கேள்வி, பாதி நியாயமும் இருக்கிறது. மாநிலத்தில் பழங்குடியினருக்கு 1 சதவீதம்தான் இடஒதுக்கீடு. 2011 கணக்கெடுப்பில் அவர்கள் சுமார் 7.95 லட்சம் பேர், மக்கள் தொகையில் 1.1 சதவீதம். ஓர் இடம் போலிக்குப் போனால் அது ஒரு தோடர் பிள்ளையின் இடமாகவோ பணியர் பிள்ளையின் இடமாகவோ இருக்கலாம். போலி என்று நிரூபணமானால், இத்தனை வருடம் வேலை பார்த்துவிட்டார் என்ற இரக்கத்துக்கு இடமில்லை என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது நான் வருத்தப்படவில்லை.

ஆனால் கெடுபிடி யார் மேல் விழுகிறது என்று பாருங்கள். போலி வாங்கத் தெரிந்தவரிடம் ஆவணம் குறைவாக இருக்காது. கச்சிதமாகவே இருக்கும், அதற்குத்தானே செலவழித்தார். ஆவணம் இல்லாமல் நிற்பவர் பெரும்பாலும் நிஜமானவர். அதோடு பட்டியல்களே குழப்பம். ‘குறவன், சித்தனார்’ பட்டியல் சாதியில் இருக்கிறது. ‘மலைக்குறவன்’ பழங்குடியில். இஞ்சிக் கொறவர், உப்புக் கொறவர் என்று ஒரு நீண்ட வரிசை சீர்மரபினரில். தந்தையின் பள்ளிப் பதிவில் ஒரு வாத்தியார் அந்தக் காலத்தில் ‘குறவன்’ என்று மட்டும் எழுதிவைத்திருந்தால், பேரன் எந்தப் பட்டியல்? 2022 அக்டோபரில் மலைக்குறவர் சமூகத் தந்தை ஒருவர், மகனுக்குச் சான்று கிடைக்கவில்லை என்று உயர் நீதிமன்ற வளாகத்திலேயே தீக்குளித்து இறந்தார். அவர் கோரிக்கை சட்டப்படி சரியா இல்லையா என்பதை நான் இங்கே தீர்மானிக்க முடியாது. ஆனால் ஒரு விண்ணப்பத்துக்குக் காரணம் எழுதிய பதில், உரிய காலத்தில், ஆமாம் என்றோ இல்லை என்றோ கிடைத்தால் மனிதர்கள் அந்த எல்லைக்குப் போக வேண்டியதில்லை. நான் கேட்பது கெடுபிடியைக் குறைப்பதை அல்ல, அதை எழுத்தில் வைப்பதை.

இ-சேவை மையத்துக்கு வெளியே ஒருவர், 15,000 ரூபாய் கொடுத்தால் ஒரே வாரத்தில் முடித்துத்தருவதாகச் சொல்கிறார்.
— வாசகர், திருவண்ணாமலை

விண்ணப்பக் கட்டணம் 60 ரூபாய். மீதி 14,940 ரூபாய்க்கு அவர் என்ன செய்வார் என்று உங்களுக்கும் தெரியும். நீங்கள் உண்மையான பழங்குடியாகவே இருந்தாலும், அந்தக் கோப்பில் விசாரணை நடந்திருக்காது. பிறகு சரிபார்ப்பு வரும்போது காட்ட ஒன்றும் இருக்காது.

என் அண்ணனுக்கு 2009-இல் கொண்டா ரெட்டி சான்று கொடுத்தார்கள். அவர் வேலையில் இருக்கிறார். அதே அப்பா, அதே அம்மா. எனக்கு மறுத்துவிட்டார்கள்.
— வாசகர், திருச்சி மாவட்டம்

அண்ணனின் சான்று உங்களுக்குக் கிடைத்திருக்கும் மிக நல்ல ஆவணம். உடன்பிறந்தவருக்கு ஓர் இனம், உங்களுக்கு வேறு இனம் என்று இருக்க முடியாது. தந்தைவழி ரத்த உறவினர் ஒருவரின் சான்று முறையான விசாரணைக்குப் பின் சரிபார்க்கப்பட்டிருந்தால், அதே குடும்பத்து இன்னொருவருக்கு மறுக்க வலுவான காரணம் வேண்டும் என்பது நீதிமன்றங்கள் ஏற்றுக்கொண்ட நிலை. மேலே முதல் பதிலில் சொன்ன 2023 மார்ச் தீர்ப்பும் இதைப் பேசுகிறது. அது போட்ட நிபந்தனை: உறவு நிரூபணமாக வேண்டும், உறவினரின் சரிபார்ப்பு நிஜ விசாரணைக்குப் பின் நடந்திருக்க வேண்டும்.

எனவே மேல்முறையீடு போடும் முன் அண்ணனிடம் உட்கார்ந்து பேசுங்கள். அவருடைய சான்றை நிறுவனம் கூர்நோக்குக் குழுவுக்கு அனுப்பியதா, முடிவு என்ன, உத்தரவு நகல் இருக்கிறதா என்று கேளுங்கள். சரிபார்த்து முடிந்திருந்தால் அந்த உத்தரவை முதல் இணைப்பாக வைத்து ஆட்சியரிடம் போங்கள். இன்னும் அனுப்பப்படவே இல்லை என்றால், உங்கள் மனுவில் அவர் சான்றைக் காட்டிய அன்றே அவருடைய கோப்பும் திறக்கப்படலாம். பயப்பட ஒன்றுமில்லை என்று அவர் சொன்னால் சேர்த்துப் போடுங்கள். தயங்கினால், அப்பாவின் பள்ளிப் பதிவையும் தாத்தாவின் நிலப் பத்திரத்தையும் முதலில் தேடி எடுத்துவிட்டு வாருங்கள், அப்புறம் அண்ணனை உள்ளே இழுக்கலாமா என்று முடிவு செய்யலாம்.